முறிந்த வளையின் ஒன்பதாவது எழுத்து

சிறுவருக்கென எழுதப்பட்ட நாவலொன்று வயதுபோன ஒருவனின் நித்திரையைக் கெடுக்குமா என்று இலக்கிய நண்பர் ஒருவர் என்னிடம் கேட்டார். கெடுக்கும் என்றேன். என்னுடைய நித்திரையை அது கெடுத்திருந்தது.

அமெரிக்க எழுத்தாளர் உர்சுலா லெ குவின் 1971இல் எழுதி வெளியிட்ட 'அட்டுவானின் கல்லறைகள்' என்ற நாவலையே சொல்கிறேன். பேரப்பிள்ளை நூலகத்தில் இரவல் வாங்கி மேசையில் போட்டுவிட்டுப் போன பிரதியை, வேலையில்லாத ஒரு மழை நாளில் எடுத்து வாசித்தேன். 'எர்த்ஸீ' என்பது லெ குவின் கற்பித்த ஒரு தீவுக்கூட்டம். அதைப் பற்றிய நாவல்களை 1968இல் தொடங்கி 2001 வரை அவர் வெளியிட்டார். அங்கே மந்திரம் என்பது ஒரு பொருளின் உண்மைப் பெயரை அறிந்திருப்பதுதான். எழுத்துகளுக்கும் அங்கே வலிமை உண்டு.

அந்த உலகில் ஒரு வெள்ளி வளை இருக்கிறது. எரெத்-அக்பே என்ற மாபெரும் மந்திரவாதி கார்கியரின் நாட்டில் தலைமைப் பூசாரியோடு மோதித் தோற்றபோது அது இரண்டாக முறிந்தது. ஒரு பாதி அட்டுவானின் நிலவறைப் பொக்கிஷத்தில் போய்ச் சேர்ந்தது. மறுபாதி ஓர் அரச குடும்பத்தின் கைக்குப் போனது. வளையின் உட்புறத்தில் ஒன்பது எழுத்துகள் பொறிக்கப்பட்டிருந்தன. பாதிக்கு நான்காக எட்டு எழுத்துகள் முழுதாக மிஞ்சின. ஒன்பதாவது எழுத்தின் நடுவாக முறிவு ஓடியது. அதுவே பிணைப்பின் எழுத்து, சமாதானத்தின் எழுத்து. அந்த எழுத்தின் கீழ் ஆளாத அரசன் நல்லாட்சி நடத்த முடியாதென்பது அவ்வுலகின் நம்பிக்கை. அது தொலைந்ததால் ஹவ்னோரின் சிம்மாசனம் நூற்றாண்டுக் கணக்கில் வெறுமையாகக் கிடந்தது.

மந்திர மோதிரம் என்றதும் பலருக்கு நினைவு வருவது 1954-55இல் மூன்று பாகங்களாக வெளிவந்த டோல்கீனின் நாவலாகவே இருக்கும். அந்த மோதிரம் பொன்னாலானது, முழுமையானது, ஒரேயொரு எசமானுக்கானது. அதை எரிமலையில் போட்டு அழித்தால்தான் உலகம் பிழைக்கும். லெ குவினின் வளையோ முறிந்தது, இரண்டு சமூகங்களின் கைகளில் கிடப்பது. அதைப் பொருத்தினால்தான் உலகம் பிழைக்கும். அதிகாரத்தைத் துறப்பது எப்படி என்பது முதலாவதன் கேள்வி. பகைவனிடம் கிடக்கும் பாதியைப் பெறுவது எப்படி என்பது இரண்டாவதன் கேள்வி. பின்னதே கடினமானதென்று எனக்குத் தோன்றுகிறது. துறவைத் தனியொருவனாகச் செய்துவிடலாம். சமாதானத்தை அப்படிச் செய்ய முடியாது.

இரண்டு பாதிகளும் கைமாறும் விதத்தைக் கவனிக்க வேண்டும். முதற்பாதியைக் கெட் என்ற மந்திரவாதிக்குக் கொடுப்பவள், குழந்தையாக இருந்தபோதே தன் சகோதரனோடு ஒரு மணல்திட்டில் கைவிடப்பட்ட கிழவி. அவள் பேசும் பாஷை அவனுக்கு விளங்காது. அது என்னவென்று அவனும் அறியான். பதிலுக்கு அவர்களுடைய உவர்க்கிணற்றை நன்னீராக்கிவிட்டுப் போகிறான். தன் கழுத்தில் கிடப்பது எதன் பாதி என்பதைப் பின்னாளில் ஒரு டிராகன் சொல்லித்தான் அவன் அறிகிறான்.

மற்றப் பாதியைத் தேடி அவன் திருடனாகத்தான் போகிறான். நிலவறையின் இருளில் அகப்படுகிறான். அங்கே பூசாரியாக இருப்பவள் ஓர் இளம்பெண். ஐந்து வயதில் தாயிடமிருந்து பிரிக்கப்பட்டு, பெயரும் பறிக்கப்பட்டு, 'அர்ஹா', அதாவது உண்ணப்பட்டவள், என்று அழைக்கப்படுபவள். அவன் தாகத்தால் சாவதை அவள் பார்த்துக்கொண்டிருக்கலாம். அவளோ தண்ணீர் கொண்டு வருகிறாள். அவன் அவளது உண்மைப் பெயரை, டெனார் என்பதை, அவளுக்குத் திருப்பிக் கொடுக்கிறான். அதன் பின்னரே வளை பொருந்துகிறது. களவால் கிடைக்காத பாதி, நம்பிக்கையால் கிடைக்கிறது.

இங்கே ஒரு நியாயமான ஆட்சேபம் எழும். சமாதானத்தின் பெயரால் உரிமையை விட்டுக்கொடுக்கச் சொல்வது அநீதிக்குத் துணை போவதாகாதா? பலவீனனிடம் அப்படிக் கேட்டால் அது அநீதியே. ஆனால் இக்கதையில் முதலில் அசைபவள் கையில் திறப்பை வைத்திருப்பவள். சாக விடவும் வாழ விடவும் வல்லமை பெற்றவள். வல்லமை எவரிடம் இருக்கிறதோ அவரிடமிருந்தே தண்ணீர் முதலில் வர வேண்டும். நான் படித்த பாடம் இதுதான்.

அந்தப் பாடம் என்னை ஏன் சுட்டது என்பதையும் சொல்லிவிடுகிறேன். உம்மா மௌத்தான பிறகு எனக்கும் நானாவுக்கும் இடையில் ஆறு பேர்ச் காணியால் பேச்சு நின்றது. பதினொரு வருடங்கள். பெருநாளிலும் முகம் பார்த்ததில்லை. நியாயம் என் பக்கம் என்றே நான் இருந்தேன். என் பாதியில் நான்கு எழுத்துகள் முழுதாகத்தான் இருந்தன. உறுதி என் பெயரில், வரி கட்டியவன் நான், உம்மாவைப் பார்த்தவன் நான், வீட்டைத் திருத்தியவன் நான். நானாவின் பாதியிலும் நான்கு இருந்திருக்கும். அவற்றை நான் ஒருநாளும் வாசித்ததில்லை. சமாதானத்தின் எழுத்து என்னிடமும் இருக்கவில்லை, அவரிடமும் இருக்கவில்லை. அது முறிவு விழுந்த இடத்திலேயே கிடந்தது. வலிக்கும் விளிம்பை வலிக்கும் விளிம்போடு சேர்த்தாலன்றி அந்த எழுத்தை வாசிக்க முடியாது. உறுதி என் கையில் இருந்தபடியால் முதலில் நடந்திருக்க வேண்டியவனும் நானே.

அடையாளமே எல்லாவற்றையும் செய்துவிடும் என்று லெ குவின் நம்பவில்லை. தப்பி வெளியே வந்த டெனார், கெட்டைக் கொல்லக் கத்தியை எடுக்கிறாள். வளை ஹவ்னோருக்கு வந்த பின்னும் சிம்மாசனம் வெறுமையாகவே கிடக்கிறது. 1972இல் வந்த அடுத்த நாவலின் முடிவில்தான் அரசன் வருகிறான். அதுவரை மந்திர எழுத்து முழுதாக இருந்தும் நாடு நாடாகவில்லை. பொருத்திய வளை ஒரு தொடக்கம் மட்டுமே. மீதியை மனிதர்தான் நாளாந்தம் செய்ய வேண்டியிருக்கிறது.

போன வருடம் காணியின் வரைபடத்தை எடுத்துக்கொண்டு நானாவின் வீட்டுக்குப் போனேன். அவர் அதை விரித்தும் பார்க்கவில்லை. "சாப்பிட்டியா?" என்றுதான் கேட்டார். வரைபடம் இன்னும் அவருடைய அலுமாரியில்தான் கிடக்கிறது. வேலியும் இருந்த இடத்திலேயே இருக்கிறது. சில நாட்களில் பழைய கோபம் எனக்குள் தலைதூக்கத்தான் செய்கிறது, டெனாரின் கத்தியைப் போல. ஆனால் வெள்ளிக்கிழமைகளில் நானா வேலிக்கு அந்தப் பக்கம் நின்று என்னைக் கூப்பிடுகிறார். நானும் போகிறேன்.