உடையும் உயர்வும்

மானிடர்க்கு உடையினால் உயர்வு உண்டாகுமோ? இவ்வினாவிற்கு நம்மவரிடையே இருவகை விடைகள் வழங்குகின்றன. 'ஆள் பாதி, ஆடை பாதி' என்பார் ஒருசாரார். 'உள்ளம் தூயதாயின் போதும், உடையில் யாதுளது?' என்பார் மறுசாரார். இவ்விரண்டும் அரைகுறை உண்மைகளே என்பது நம் துணிபு. இதனை ஆராய்தற்கு, பௌத்தம் ஆயிரத்து நானூறு ஆண்டுகட்கு மேலாக நிலவிவரும் ஜப்பான் தேசத்தின் உடையாகிய கிமோனோவை எடுத்துக்கொள்வோம்.

கிமோனோ என்னும் சொல்லுக்கு 'உடுக்கும் பொருள்' என்பதே நேர்ப்பொருள். முற்காலத்தில் மேன்மக்களின் உள்ளாடையாயிருந்த 'கொசோதே' என்னும் சிறுகை அங்கி, பின்னர் அனைவர்க்கும் மேலாடையாகி வளர்ந்ததே இவ்வுடை. ஏறக்குறைய 12 மீட்டர் நீளமும் 36 சென்டிமீட்டர் அகலமும் உள்ள ஒரே துணிச்சுருளை நேர்கோடாக வெட்டி இதனைத் தைப்பர். வளைத்து வெட்டுதல் இன்மையால் துணி வீணாவது மிக அரிது. வெளுக்குங்காலத்துத் தையலைப் பிரித்து, துண்டுகளை அலசி, விறைப்பாக விரித்துக் காயவைத்து, மீண்டும் தைப்பதே பழைய வழக்கம். தாய் உடுத்தியது மகளுக்காகும், நைந்தபின் குழந்தைக்காகும், அதன்பின் ஒட்டுத் துணியாகும். இறந்தோரின் கிமோனோவைக் கோவிலுக்கு அளிப்பதும், அதனைப் பிரித்துப் பிக்குகளின் சீவரமாகத் தைப்பதும் அங்கு உண்டு.

இதனைக் கேட்குங்கால் விநய பிடகத்துள் காணும் ஒரு வரலாறு நம் நினைவிற்கு வருகின்றது. ஆனந்தருக்கு ஐந்நூறு ஆடைகள் தானமாகக் கிடைத்தன. 'இத்தனையும் உமக்கு எதற்கு?' என்று உதயண மன்னன் வினவினான். கிழிந்த சீவரமுடைய பிக்குகட்குப் பகிர்ந்தளிப்போம் என்றார் ஆனந்தர். பழையன என்னாகும் என்று மன்னன் மேலும் மேலும் கேட்டான். அவை விரிப்பாகும், பின் கால் துடைக்குந் துணியாகும், பின் தூசு தட்டுந் துணியாகும், இறுதியில் களிமண்ணோடு பிசைந்து தரை மெழுகப்படும் என்று அவர் விடையிறுத்தார். மன்னன் மனம் நிறைந்து மேலும் ஐந்நூறு ஆடைகள் ஈந்தான். நெய்தவன் உழைப்பின் ஓர் இழையும் வீண்போகலாகாது என்பதன்றோ இதன் உட்பொருள்? ஆலைத்தறியின் முன் நின்று பாவும் ஊடும் அறுந்த போதெல்லாம் முடிச்சிட்ட நமக்கு இது நன்கு விளங்கும்.

இனி, அவ்வுடைக்குள் நம் நாட்டு நூலும் உண்டு என்பதை அன்பர்கள் அறிதல் வேண்டும். எதோ காலத்தில் (1603-1868) போர்ச்சுகீசியரும் டச்சுக்காரரும் சோழமண்டலக் கரையின் பருத்தித் துணிகளை அங்குக் கொண்டு சென்றனர். கோடிட்ட ஒருவகைத் துணிக்கு ஜப்பானியர் 'சாந்தோமே' எனப் பெயரிட்டனர். அது நம் மயிலாப்பூரைச் சேர்ந்த சாந்தோமின் பெயரேயாம். 'சௌ' என்னும் பட்டுத்துணியின் பெயரோ, இம்மும்பைக்குத் தெற்கே கடலோரத்திலுள்ள சௌல் பட்டினத்தினின்று பிறந்தது. பின்னர் ஜப்பானிய நெசவாளரே இவற்றைப் போல நெய்யக் கற்றனர். ஆகவே ஒரு தேசத்தின் பெருமை எனப்படும் உடையிலும் பல தேசத்துக் கைகள் கலந்துள்ளன. 'எம் உடை, எமக்கே உரியது' என்று செருக்குதற்கு எவர்க்கும் இடமில்லை.

ஆனால் அழகிய அவ்வுடைக்கும் ஓர் இருண்ட பக்கம் உண்டு. இன்னார் இன்னது உடுக்கலாம் என்று ஆள்வோர் விதித்தனர். 1683இல் வணிகரும் நகர மக்களும் பொன்னிழையும் உயர்ந்த பூவேலையும் உள்ள ஆடைகளை அணியலாகாது எனத் தடுத்தனர். தோலும் பிணமும் கையாண்டமையால் இழிந்தோர் எனத் தள்ளப்பட்ட மக்கள் மீது விதித்ததோ இன்னுங் கொடிது. ஒகயாமா நாட்டில், அவர்கள் உருவமற்ற, காய்ச்சாறு தோய்த்த பழுப்பு ஆடையோ நீலச்சாய ஆடையோ மட்டுமே உடுத்தல் வேண்டும் என ஆணை பிறந்தது. 1856இல் அம்மக்கள் ஆயிரத்துக்கு மேற்பட்டோர் திரண்டு சென்று அவ்வாணையை மறுத்தனர். தலைவர்கள் சிறைப்பட்டனர், சிலர் சிறையிலேயே மாண்டனர். ஆயினும் அவ்வாணை நடைமுறைக்கு வரவில்லை.

அதே காலத்தில் திருவிதாங்கூரில் நிகழ்ந்தது யாது? நாடார் குலப் பெண்கள் தோளில் சீலையிடுதல் குற்றமெனப்பட்டது. பல்லாண்டுப் போராட்டத்தின்பின், 1859ஆம் ஆண்டு சூலை 26ஆம் நாள் மேலாடை அணிய அரசன் இசைந்தான். அப்போதும் மேல்சாதிப் பெண்களைப் போல அணியலாகாது என்றே விதித்தான்! கடல் கடந்த இரு நாடுகளில், ஒருவரையொருவர் அறியாத எளியோர், மூன்றாண்டு இடைவெளியில் ஒரே உரிமைக்காக நின்றனர். உடை வெறும் துணியாயின் அதனைத் தடுக்க அரசாணை எதற்கு? தடுத்தவன் அதன் பொருளை அறிந்தே தடுத்தான்.

இங்கு ஓர் ஐயம் எழும். குளிர், வெப்பம், கொசு, காற்று இவற்றினின்று காக்கவும் நாணம் மறைக்கவுமே உடை எனப் பகவன் புத்தர் போதித்தாரன்றோ? அவ்வாறாயின் உடைக்காகப் போராடுதல் பற்றாகாதோ? ஆகாது. உள்ளதை விடுதல் துறவு. உள்ளதைப் பறிகொடுத்தல் அடிமைத்தனம். அரசகுமாரர் தம் பட்டைத் தாமே களைந்தார். தோளில் சீலையிட விடாது தடுக்கப்பட்டவளை எவரும் துறவி என்னார். உடுக்கும் உரிமையுடையவனே எளிய உடையை மனமுவந்து ஏற்க வல்லவன்.

1927 திசம்பரில் மகாட் மாநாட்டில் பாபாசாகேப் அம்பேத்கர் பெண்களுக்கு உரைத்ததும் இதுவே. தீண்டாமையின் அடையாளமாக விதிக்கப்பட்ட உடை முறையையும் அணிகளையும் விட்டொழியுங்கள், ஒட்டுப்போட்ட சீலையாயினும் தூயதாக இருக்கட்டும் என்றார். விலையுயர்ந்த சீலையை அவர் கேட்கவில்லை. விடுதலையையும் தூய்மையையுமே கேட்டார்.

நாம் இன்று செய்வதென்ன? தாராவியிலும் செம்பூரிலும் ஒருநாள் மணத்திற்கென வட்டிக்குக் கடன் வாங்கிப் பட்டெடுத்து, மூன்றாண்டு அக்கடனை அடைக்கும் குடும்பங்களைக் காண்கின்றோம். அன்று பிறர் இட்ட விலங்கு. இன்று நாமே விலை கொடுத்து வாங்கும் விலங்கு. அஃதன்றியும், தோல் பட்டறையிலிருந்தும் துப்புரவுப் பணியிலிருந்தும் நேரே நம் கூட்டத்திற்கு வருபவர், தம் உடை கருதிக் கடைசி வரிசையில் ஒதுங்கி அமர்கின்றனர். அவரை அங்கே இருக்கவிட்டு நாம் சமத்துவம் பேசுதல் தகுமோ?

ஆதலின் அன்பர்களே, ஒருவர் உடுக்கும் உரிமையை மறுப்பவரை எதிர்ப்போம். உடையால் ஒருவரை அளக்கும் புத்தியை நம்மிடமிருந்து நீக்குவோம். துவைத்த சீலை போதும், கடனற்ற மணம் போதும். வேலைத் துணியோடு வருபவரை முன்வரிசையில் அமர்த்துவோம்.