திருத்தலம் யாருடையது?

தெய்வத்தன்மை வாய்ந்த ஓர் இடத்தின் பொருட்டு இரு கூட்டத்தார் போரிடும் கதைகளைச் சிறுவர் விரும்பிக் கேட்பர். மந்திரச் சுனை, அதைக் கைப்பற்ற வரும் படை, காத்து நிற்கும் படை என்று கதை வளரும். முடிவில் வென்றவர்க்கே தலம் உரியதாகும். வாழ்க்கையிலும் அவ்வாறுதானா? திருத்தலத்தை வென்று அடைய இயலுமா? இவ்வினாவைப் பிறரிடம் கேட்பதற்கு முன் நம்மிடமே நாம் கேட்டுக்கொள்ளுதல் தகும்.

மகாராஷ்டிர மாநிலம் வாசிம் மாவட்டத்துச் சிர்பூரில் அந்தரிக்ஷ பார்சுவநாதர் எழுந்தருளியுள்ளார். அந்தரிக்ஷம் என்பது ஆகாயம். அக்கரிய திருமேனி நிலத்தில் அமராமல் அந்தரத்தில் நிற்பதாக அன்பர்கள் நம்புகின்றனர். தலையில் குடம் சுமந்த பெண் ஒருத்தி அதன் கீழே நடந்து செல்லுமளவு முன்னாளில் இடைவெளி இருந்ததென்பது பழங்கதை.

அத்தகைய தலத்தில் திகம்பரரும் சுவேதாம்பரரும் வழிபாட்டு உரிமை குறித்து நெடுங்காலம் வழக்காடினர். 1905-இல் இரு சாராரும் வழிபடும் நேரங்களைப் பகுத்துக்கொண்டனர். எனினும் அமைதி நிலைக்கவில்லை. திருமேனிக்குப் பூசும் மேற்பூச்சில் அரைஞாணும் கோவணமும் காட்டப்பெற வேண்டுமா என்பதே பிணக்கின் கரு. வழக்கு 1929-இல் இலண்டன் பிரிவி கவுன்சில் வரை சென்றது. 1981-இல் கோயில் பூட்டப்பட்டது. உச்ச நீதிமன்றத்தின் ஆணைப்படி 2023 மார்ச்சில்தான் கதவு திறந்தது. திறந்த சில நாட்களுக்குள் அங்கே கைகலப்பும் நேர்ந்தது! பூட்டிய ஆண்டில் பிறந்த குழந்தை, கதவு திறந்தபோது நாற்பதைக் கடந்திருக்கும்.

இப்பிணக்கு அற்பமானதன்று. ஆடையற்ற திருமேனி முற்றத் துறந்த நிலையின் வடிவம் என்பது திகம்பரர் கொள்கை. முன்னோர் வழிவந்த பூசை முறையைக் கைவிடலாகாது என்பது சுவேதாம்பரர் பற்று. இரண்டும் ஒன்றே என்று சொல்லி நழுவுதல் அநேகாந்தம் ஆகாது. "நாங்கள் உரிமைக்காகப் போராடவில்லை, பகவானைக் காக்கிறோம்" என்று இரு சாராரும் கூறுவர். அவர்தம் நெஞ்சில் கள்ளமில்லை என்றே கொள்வோம். ஆயினும் காத்தல் என்பது யாது?

விடை பார்சுவநாதர் வரலாற்றிலேயே உள்ளது. முற்பிறவி ஒன்றில் கமடனும் மருபூதியும் உடன்பிறந்தோர். பிழை செய்தவன் கமடன். ஆனால் பொறுத்தருள வேண்டி அவனை நாடிச் சென்றவன் மருபூதி. கமடன் பாறையால் அவனைக் கொன்றான். அப்பகை பல பிறவிகள் தொடர்ந்தது. மருபூதியின் உயிர் பார்சுவநாதராகத் தவத்தில் நின்றபோது, கமடனின் உயிர் மழையும் புயலும் ஏவி வருத்தியது. நாகவேந்தனாகிய தரணேந்திரன் படம் விரித்துக் குடையாக நின்றான்.

அப்போது பகவான் யார் பக்கம் நின்றார்? வருத்தியவன்பால் அவருக்கு வெறுப்பில்லை, காத்தவன்பால் விருப்புமில்லை. இருவரையும் ஒப்ப நோக்கினார். தலத்திற்காகப் போரிடுவோர் ஒவ்வொருவரும் தம்மைத் தரணேந்திரனாகவே எண்ணுகின்றனர். தரணேந்திரனோ படம் விரித்தானேயன்றிப் படை எடுத்தானில்லை. தன் உடலைக் குடையாக்கினான். அதுவே காத்தல். ஓங்கிய கையும் பூட்டிய கதவும் காத்தல் ஆகா. அவை உடைமை கொள்ளுதல். மிகுபொருள் விரும்பாமை நமது ஐந்து விரதங்களுள் ஒன்று. பொன்னையும் நிலத்தையும் அளவுபடுத்திக்கொண்ட சிராவகன், கோயிலை மட்டும் "எனது" என்று இறுகப் பற்றினால் அவ்விரதம் எங்ஙனம் நிறைவுறும்? நாம் மிகுதியாக நேசிக்கும் பொருளிடத்தன்றோ பற்றின்மைக்குச் சோதனை!

இத்தீங்கு நம் சமயத்தார்க்கு மட்டும் உரியதன்று. ஏரலுக்கு வடமேற்கே, எமது தூத்துக்குடி மாவட்டத்திலேயே உள்ளது கழுகுமலை. அம்மலையடி ஊரில் 1895-இல், தேரோடும் வீதிகளில் ஊர்வலம் செல்லும் உரிமை குறித்து எழுந்த கலகத்தில் உயிர்கள் மாய்ந்தன. அதே மலையின் பாறையிலோ வேறொரு பாடம் பொறிக்கப்பட்டுள்ளது. ஆயிரம் ஆண்டுகளுக்கும் முன்னரே தீர்த்தங்கரர் திருவுருவங்களை அங்கே வரிசையாகச் செதுக்கினர். அவற்றின் கீழ் வட்டெழுத்தில் கல்வெட்டுகள் உள்ளன. பல ஊரார் செய்வித்தவை அவை; குரத்தியர் எனப்பெற்ற பெண் ஆசிரியர் பெயர்களும் அவற்றுள் உண்டு. ஓய்வுபெற்ற ஆசிரியையாகிய எனக்கு அது தனிப் பெருமிதம்! இன்னார் "செய்வித்த திருமேனி" என்பதே அக்கல்வெட்டுகள் கூறுவது. இன்னாருடைய திருமேனி என்று அவை உரிமை கொண்டாடவில்லை. ஓர் ஊராரின் திருமேனிக்கு அருகிலேயே மற்றோர் ஊராரின் திருமேனியும் இடம்பெற்றது.

உரிமையை நிலைநாட்ட நீதிமன்றம் செல்லுதல் தவறன்று. தடியினும் அது மேலானது. ஆனால் தீர்ப்பு வரும்வரையிலும் வந்த பின்னரும் ஓர் அளவுகோலை நம் கையில் வைத்துக்கொள்வோம். நாம் காப்பதாகச் சொல்லும் தலத்தின் வாயிலை, நம்மோடு மாறுபடுவோர்க்கும் திறந்துவிட நம்மால் இயலுமா? இயலுமாயின் நாம் காவலர். இயலாதாயின், பகவானின் பெயரால் நம்மையே பூசித்துக்கொள்கிறோம். மருபூதி குற்றமற்றவன், எனினும் முதலில் எழுந்து நடந்தவன் அவனே. நேர்மை நம் பக்கம் இருப்பதாக எண்ணுவோர், முதலடி எடுத்துவைக்கும் கடமையும் நம்முடையதே என்று உணர்தல் வேண்டும்.