வஞ்சினமும் மன்னிப்பும்: கொரியத் திரைப்படங்கள் எழுப்பும் ஓர் அறவியல் வினா

தீங்கிழைத்தவனுக்கு அதே தீங்கைத் திருப்பிச் செய்தல் நீதியாகுமா என்பது மனித சிந்தனையின் மிகப் பழைய வினாக்களுள் ஒன்று. பழிவாங்கலை ஆதரிப்போர் துன்பத்தை ஒரு கடனாகவே கருதுகின்றனர். தந்தவனிடமே அதனைத் திருப்பிக் கொடுத்துவிட்டாற் கணக்குத் தீர்ந்துவிடும் என்பது அவர்தம் துணிபு. இத்துணிபு எத்துணை பொருந்தும் என்பதை இந்நூற்றாண்டின் முதற் பத்தாண்டில் வெளிவந்த தென்கொரியத் திரைப்படங்கள் சில கூர்மையாகச் சோதித்துள்ளன.

பார்க் சான்-வூக் நெறிப்படுத்திய 'ஓல்ட்போய்' (2003) படத்தில், ஒருவன் காரணம் அறியாது 15 ஆண்டுகள் தனியறையில் அடைத்துவைக்கப்படுகிறான். அவனை அடைத்தவனோ, இளமையிற் சகோதரியை இழந்த மனவடுவினின்றும் மீளாதவன். தன் பழி முற்றுப்பெற்றதும் அவன் தன்னுயிரையே மாய்த்துக்கொள்கிறான். பகையே வாழ்வின் காரணமாகிவிட்டவனுக்குப் பகை முடிந்தபின் வாழக் காரணமில்லை. கிம் ஜீ-வூனின் 'சாத்தானைக் கண்டேன்' (2010) மற்றொரு கோணத்தைக் காட்டுகின்றது. மணக்கவிருந்த பெண்ணை இழந்த அதிகாரி, கொலைஞனைப் பிடித்து வதைத்து, விடுவித்து, மீண்டும் பிடிக்கிறான். அதன் விலையைச் செலுத்தியோர் அப்பெண்ணின் தந்தையும் சகோதரியுமே. கணக்குத் தீரவில்லை, புதிய கடன்களே எழுந்தன.

அவ்வாறாயிற் சட்டத்தை நாடலாமே என்பர். ஆயின் கொரிய மக்களின் அனுபவம் அத்துணை எளிதன்று. 1980 மே மாதம் குவாங்ஜு நகரில் எழுந்த மக்கள் கிளர்ச்சி இராணுவத்தால் நசுக்கப்பட்டது. அதன் தொடர்பிற் குற்றவாளியாகக் காணப்பட்ட சுன் டூ-ஹ்வானுக்கு 1996 இல் விதிக்கப்பட்ட மரணதண்டனை ஆயுட்சிறையாகக் குறைக்கப்பட்டது; 1997 டிசெம்பரில் அவர் மன்னிக்கப்பட்டு விடுதலையானார். 1986 முதல் 1991 வரை நிகழ்ந்த ஹ்வாசொங் தொடர்கொலைகளின் குற்றவாளி 2019 இல் அடையாளங் காணப்பட்டபோது, வழக்குத் தொடரும் கால எல்லை கடந்துவிட்டிருந்தது. அக்கொலைகளுள் ஒன்றுக்காகக் குற்றமற்ற ஒருவர் ஏறத்தாழ 20 ஆண்டுகள் சிறையிற் கழித்திருந்தார். நீதி தவறிய நிலத்திற் பழியுணர்ச்சி முளைப்பது வியப்பன்று.

எஞ்சியிருப்பது மன்னிப்பு. லீ சாங்-டொங்கின் 'மிர்யாங்' (2007) அதனையும் விசாரணைக்குட்படுத்துகின்றது. மகனைப் பறிகொடுத்த தாய், கொலைஞனை மன்னிக்கும் நோக்குடன் சிறைச்சாலை செல்கிறாள். கடவுள் தன்னை ஏலவே மன்னித்துவிட்டார் என அவன் அமைதியாகக் கூறுகிறான். அவள் நிலைகுலைந்துபோகிறாள். துன்புற்றவரைக் கேளாது வழங்கப்படும் மன்னிப்பு, அவர்பால் எஞ்சியிருந்த ஒரே உரிமையையும் பறித்துவிடுகின்றது. அரசுகள் வழங்கும் மன்னிப்புக்கும் இது பொருந்துமன்றோ?

எனவே பழியுணர்ச்சியில் இரு கூறுகளைப் பிரித்தறிதல் வேண்டும். 'அவனும் துடிக்க வேண்டும்' என்னும் வேட்கை ஒன்று. 'எனக்கிழைக்கப்பட்டது தீங்கு என்பதை உலகம் ஒப்புக்கொள்ள வேண்டும்' என்னும் கோரிக்கை மற்றொன்று. முன்னது ஒருபோதும் நிறைவுறாது என்பதை இப்படங்கள் உணர்த்துகின்றன. பின்னதோ முற்றிலும் நியாயமானது. அது மறுக்கப்படும்போதே முன்னது வலுப்பெறுகின்றது. ஒப்புக்கொள்ளல் மாண்டாரை மீட்டுத் தராது என்பது மெய்யே. எனினும் உயிரோடிருப்போர் தம் காயத்துக்குத் தாமே தனித்துச் சாட்சி சொல்லும் கொடுமையினின்றும் அது விடுவிக்கும். பழிவாங்குவோனைக் கண்டிக்குமுன், அவன் முறையிட்ட வேளையிற் செவிசாய்க்க யார் இருந்தனர் என நாம் வினவுதல் வேண்டும்.