பங்காளியும் காடும்

'பங்காளி' என்ற சொல்லில் ரத்த உறவும் சொத்தும் ஒன்றாகக் கிடக்கின்றன. கூடப் பிறந்த வழியில் வந்தவனுக்கும் வயலில் பாகம் கேட்பவனுக்கும் தமிழில் ஒரே பெயர். அன்பு போதாததால் சகோதரப் பகை வருகிறது என்ற நீதிக்கதை வாதம் இந்தச் சொல்லின் முன் நிற்காது. மண்ணை வரப்பிட்டுப் பிரிக்கலாம். பிரிக்க முடியாத ஒன்று நடுவில் வரும்போது என்ன செய்வது?

1929இல் பிரான்ஸ் ஆஸ்டன் இயக்கி ஹிமான்சு ராய் நடித்த 'பிரபஞ்ச பாஷ்' என்ற மௌனப் படம் மகாபாரதச் சூதை இந்தக் கேள்விக்காக எடுத்துக்கொண்டது. அரசர்கள் இருவர், துறவியின் மகள் சுனிதா. வேட்டைக்குப் போன காட்டில் காதல் பிறக்கிறது. பகடையில் நாடு போகிறது, ராஜா அடிமையாகிறான். கள்ளப் பகடை அம்பலமானதும் நீதி திரும்பிவிடுகிறது. இங்கேதான் படம் நழுவுகிறது. பகடை நேர்மையாக உருண்டிருந்தால் நாடும் மக்களும் காதலும் கைமாறுவது தர்மமாகிவிடுமா? திரௌபதி சபையில் கேட்டது பணயம் வைக்கும் உரிமையைப் பற்றி.

கள்ளக்குறிச்சிக்கு மேற்கே கல்வராயன் மலைப் பக்கம் வேறொரு தீர்வு சொல்லப்படுகிறது. காஞ்சியிலிருந்து பெரியண்ணன், நடுவண்ணன், சின்னண்ணன் என்று மூவர் வந்து ஆளுக்கொரு மலையாகப் பிரிந்தார்கள் என்பது மலையாளிகளின் பூர்வகதை. சூதும் இல்லை, யுத்தமும் இல்லை. மலைகள் போதுமானால் சகோதரம் பிழைக்கும் போலிருக்கிறது.

ஆனால் மலைகள் காலியாக இருந்தனவா? 1906இல் வெளியான தென்னார்க்காடு கெஜட்டியரில் டபிள்யூ. பிரான்சிஸ் இந்த மலையின் இன்னொரு வாய்மொழியைப் பதிந்திருக்கிறார். முன்பு அங்கே வேடர்கள் இருந்தார்கள். வந்தவர்கள் ஆண்களைக் கொன்று பெண்களை மணந்தார்கள். கொல்லப்பட்ட வேடக் கணவனைக் குறிக்கக் கல்யாணத்தில் வானத்தை நோக்கித் துப்பாக்கி சுடுவார்கள்.

சகோதரர்களுக்குள் நடக்காத கொலை வேற்றாள்மேல் நடந்திருக்கிறது. பங்காளிகளின் சமாதானத்துக்கு விலை கொடுத்தவன் பங்காளி அல்லாதவன். இந்திரப்பிரஸ்தம் கட்டி, பிறகு காண்டவ வனத்தை எரித்தவர்களின் கதையும் இதுதான். 'வனம்' என்று நாம் எழுதும்போதெல்லாம் யாரோ ஒருவரின் ஊரை அழித்துவிட்டு எழுதுகிறோம்.

காவியத்தில் இல்லாத நேர்மை இந்தச் சடங்கில் இருக்கிறது. தன் ஆதிக் குற்றத்தை மங்கல நாளிலேயே, எல்லோர் காதிலும் விழும்படி சொல்கிறது. சொல்வது பரிகாரமாகாது, ஆனால் சொல்லாமல் பரிகாரம் தொடங்காது.

ஒரு குறை மிஞ்சுகிறது. வெடி வேடனுக்காக. கொன்றவனையே மணந்து வாழ்ந்த அந்தப் பெண்ணுக்கு எந்த ஓசையும் இல்லை. மௌனப் படத்தில்கூட சுனிதா பேசியதை எழுதிக் காட்ட ஓர் அட்டை இருந்தது.