நோயுற்றார்க்குப் பணி செய்தலும் தவமே



பழனி மலைகளின் அடிவாரத்தில் அமைந்த ஊர் கன்னிவாடி. அம்மலைச் சாரலை ஒட்டி மேற்கே சென்று பழனியைக் கடந்தால், தீர்த்தங்கரர் திருவுருவங்கள் வரிசையாகச் செதுக்கப்பெற்ற ஐவர்மலையைக் காண்கிறோம். அங்குள்ள கல்வெட்டு சக ஆண்டு 792, அதாவது கி.பி. 870ஐச் சேர்ந்தது. குணவீரக் குரவடிகளின் மாணாக்கர் சாந்திவீரக் குரவர், பார்சுவநாதர் உருவத்தையும் இயக்கியர் உருவங்களையும் புதுப்பித்து, வழிபாட்டிற்கும் ஓர் அடிகளின் உணவுக்குமாக 505 காணம் பொன் வைத்த செய்தியை அது அறிவிக்கிறது. புதுப்பித்தவுடன் கடமை முடிந்ததென்று அப்பெரியார் கருதவில்லை. நாள்தோறும் நடைபெற வேண்டியதற்கும் வழி வகுத்தார். இதனை மனத்திற்கொண்டு, பக்கவாதம் என்னும் நோயைப் பற்றிச் சிந்திப்போம்.

மூளைக்குச் செல்லும் குருதிக்குழாய் அடைபடுவதாலோ வெடிப்பதாலோ இந்நோய் உண்டாகிறது. வாய் கோணுதல், ஒரு பக்கக் கையோ காலோ தளர்தல், பேச்சுக் குழறுதல் ஆகியவை அறிகுறிகள். அடைப்பைக் கரைக்கும் மருந்தை நாலரை மணி நேரத்திற்குள் செலுத்த வேண்டும். ஆகவே கன்னிவாடி போன்ற அடிவாரத்து ஊர்களில் வாழ்வோர் உடனே 108 ஊர்தியை அழைத்து, ஸ்கேன் வசதியுள்ள மருத்துவமனையை அடைதல் வேண்டும். புறாவின் குருதியைத் தேய்த்தால் குணமாகும் என்று சிலர் கூறுவதுண்டு. பழுது மூளைக்குள் இருக்கிறது. தோலின்மேல் தேய்த்த குருதி அங்கே செல்வதில்லை. ஓர் உயிர் வீணே மாய்கிறது; நோயாளிக்குரிய நேரமும் கழிகிறது. கொல்லாமையைத் தலையாய அறமாகக் கொண்ட நம் இல்லங்களில் இதற்கு இடமளித்தல் தகாது.

நோயாளி பிழைத்து வீடு திரும்பிய பின்னரே நெடிய பணி தொடங்குகிறது. இறந்த மூளையணுக்கள் மீள்வதில்லை. எனினும், ஒரே செயலைப் பன்முறை பயிலப் பயில, மூளையின் நலமான பகுதிகள் அதனைக் கற்றுக்கொள்கின்றன. முதல் மூன்று மாதங்களில் முன்னேற்றம் விரைவாக இருக்கும். அதன் பின்னும் முயற்சிக்குப் பயன் உண்டு. பயன்படுத்தாத கையோ மேலும் மடங்கி இறுகிப்போகும்.

“எல்லாம் வினைப்பயன், நாம் என்ன செய்வது?” என்று கூறி, நோயாளியை ஒரு மூலைக் கட்டிலில் விட்டுவிடுகிறோம். அசாதா வேதனீயம் உதயமானால் துன்பம் வரும் என்பது உண்மையே. ஆயினும் வினையைக் கூறிய அறவோரே, முயற்சியால் அது உதிரும் என்னும் நிர்ஜரையையும் கூறினர். பிறர் வினையைக் காட்டி நம் கடமையினின்று விலகுதல் நற்காட்சி ஆகாது. உமாசுவாமியின் தத்துவார்த்த சூத்திரம், அகத்தவம் ஆறனுள் ஒன்றாக வையாவிருத்தியம் என்னும் பணிவிடையை வைக்கிறது; அதற்குரிய பதின்மருள் நோயுற்றவரையும் சேர்க்கிறது. துறவியர்க்கு உரைத்த இந்நெறி இல்லறத்தார்க்கும் வழிகாட்டும்.

அத்தவத்தை எவ்வாறு செய்வது? புரள இயலாதவரை இரண்டு மணிக்கொரு முறை திருப்பிப் படுக்கவைத்தல். தளர்ந்த கையைப் பற்றி இழுத்துத் தூக்காதிருத்தல். விழுங்க முடிகிறதா என மருத்துவர் சோதித்தறியும் முன் நீரும் புகட்டாதிருத்தல். பேச்சிழந்தவர் அறிவிழந்தவர் அல்லர் என்றுணர்ந்து, அவர் சொல் வரும்வரை பொறுத்திருத்தல். இரவுணவு நீக்கியோரும் நோன்பு ஏற்போரும் இரத்த அழுத்த மாத்திரையைத் தாமே நிறுத்திவிடாமல், உண்ணும் வேளையை மருத்துவரிடம் கூறி முறைப்படுத்திக்கொள்ள வேண்டும். 2021 ஆகஸ்டு 5ஆம் நாள் தமிழக அரசு தொடங்கிய ‘மக்களைத் தேடி மருத்துவம்’, மாத்திரையும் இயன்முறைப் பயிற்சியும் இல்லத்திலேயே கிடைக்க வகுக்கப்பட்டது என்பதையும் அறிந்திருத்தல் நன்று.

முன்போல் முழுதும் நலம் பெறாதோரும் உளர். அவர்க்கும் பணி குறைதல் கூடாது. ஐவர்மலையில் அன்றாட உணவுக்கென்று பொன் வைத்த கருணையே நம் வீட்டுக் கட்டிலருகிலும் வேண்டப்படுவது.

அருகன் திருவடி வாழ்க! அறம் வளர்க!