அறுமீனை மலையால் வகுத்தபோது

திருவண்ணாமலை மகாதீபம் ஒரே நாளில் முடிந்துவிடுவதில்லை. பதினொரு நாள் மலையுச்சியில் எரிகிறது. முதல் நாள் மாலை ஆறு மணிக்கு "அண்ணாமலையாருக்கு அரோகரா" என்று ஊரே அதிரும்போது கிழக்கே முழுநிலா ஏறிக்கொண்டிருக்கும். அதன் பக்கத்திலேயே இருக்கும் அறுமீன் என்னும் கார்த்திகை மீன்கள் அந்த வெளிச்சத்தில் மங்கிப்போகும். எனக்குப் பிடித்தது ஆறாம் நாள். கூட்டம் வடிந்திருக்கும். நிலா இரவு பத்து மணிக்கு மேல்தான் எழும். எங்கள் மொட்டை மாடியிலிருந்து மேற்கே பார்த்தால் தீபம். கிழக்கே திரும்பினால் அறுமீன், சின்னக் கொத்தாக.

அப்படி ஒரு மாலையில் என் அண்ணன் மகள் பாடப் புத்தகத்தோடு மாடிக்கு வந்தாள். ஒன்பதாம் வகுப்பு, அறிவியல் குறியீடு. பேரெண்களையும் சிற்றெண்களையும் வகுக்கும் கணக்குகள். எதை எதனால் வகுக்கிறோம் என்று புத்தகம் சொல்லவில்லை, வெறும் எண்கள். எனக்கு அது பொறுக்கவில்லை. கண்ணெதிரே இரண்டு வெளிச்சங்கள் இருக்கும்போது வேறு கணக்கு எதற்கு?

ஒளி நொடிக்கு 3 × 10⁸ மீட்டர் போகிறது. எங்கள் மாடிக்கும் மலையுச்சிக்கும் சுமார் 3 கிலோமீட்டர், அதாவது 3 × 10³ மீட்டர். மூன்றை மூன்றால் வகுத்தால் ஒன்று. அடுக்கில் மூன்றிலிருந்து எட்டைக் கழித்தால் −5. தீபத்தின் ஒளி நம்மிடம் வர 10⁻⁵ நொடி, நொடியில் லட்சத்தில் ஒரு பங்கு.

அறுமீனோ சுமார் 440 ஒளியாண்டு தொலைவில் இருக்கிறது. மீட்டரில் ஏறக்குறைய 4.2 × 10¹⁸. அதையும் 3 × 10⁸ஆல் வகுத்தாள். 1.4 × 10¹⁰ நொடி. ஓர் ஆண்டுக்கு 3.15 × 10⁷ நொடி என்று மறுபடி வகுத்ததில் 0.44 × 10³ வந்தது. புள்ளியை நகர்த்தி 4.4 × 10² என்று எழுதினாள். அந்த இடத்தில் நான் கோபுரத்தைக் காட்டினேன். கிருஷ்ணதேவராயர் தொடங்கி, தஞ்சை செவ்வப்ப நாயக்கர் முடித்த 217 அடி ராஜகோபுரம். அது எழுந்து நின்ற பதினாறாம் நூற்றாண்டில் புறப்பட்ட ஒளிதான் அன்றைக்கு எங்கள் மாடிக்கு வந்திருந்தது.

இரண்டு நேரங்களையும் ஒன்றால் ஒன்றை வகுக்கச் சொன்னேன். 1.4 × 10¹⁰ வகுத்தல் 10⁻⁵. பொரி உருண்டை ஒட்டிய விரலோடு 1.4 × 10⁵ என்று எழுதினாள்.

"பத்துல அஞ்சு போனா அஞ்சுதானே அத்தை?"

"போறது அஞ்சு இல்லம்மா, கழித்தல் அஞ்சு."

அவளுக்கு அது பிடிபடவில்லை. கழிக்கப் போய் எப்படிக் கூடும்? ஒரு மரக்கால் நெல்லைச் சொன்னேன். படியால் அளந்தால் எட்டு. ஆழாக்கால் அளந்தால் அறுபத்து நான்கு. நெல் அதே நெல்தான். அளக்கிற பாத்திரம் சிறுத்தால் எண்ணிக்கை பெருகும். நொடியில் லட்சத்தில் ஒரு பங்கைப் பாத்திரமாக வைத்து 440 ஆண்டை அளக்கிறோம், பெருகாமல் என்ன செய்யும்? பத்தோடு ஐந்து சேர்ந்து பதினைந்து. 1.4 × 10¹⁵.

ஆனாலும் அவள் செய்த பிழையை அழிக்க எனக்கு மனம் வரவில்லை. 3 கிலோமீட்டரை 1.4 × 10⁵ஆல் பெருக்கினால் 4.2 லட்சம் கிலோமீட்டர். நிலா இருப்பது சராசரியாக 3.84 லட்சம் கிலோமீட்டரில். ஒரு கழித்தல் குறி தவறியதில் அறுமீன் நிலாவை ஒட்டி வந்து நின்றுவிட்டது. தீபத்தன்று வெறும் கண்ணுக்கு இரண்டும் அப்படித்தானே பக்கத்துப் பக்கத்தில் தெரிகின்றன. கண் எழுதாமல் விடும் குறியைத்தான் அவளும் விட்டிருந்தாள்.

நம் பழைய கணக்கில் அளவுக்கு அளவு ஒரு பெயர். முந்திரி என்றால் ஒன்றில் 320இல் ஒரு பங்கு. இம்மி அதைவிட மிகச் சிறிய பங்கு. இம்மியும் பிசகாமல் என்று இன்றைக்கும் சொல்கிறோம். மேலே ஆம்பல், சங்கம், வெள்ளம் என்று பரிபாடல் அறிந்த பேரெண்கள். அழகான பெயர்கள்தான். ஆனால் வெள்ளத்தை இம்மியால் வகுக்க வேண்டுமென்றால் நடுவில் உள்ள பெயர்களையெல்லாம் ஏறி இறங்க வேண்டும். அடுக்கோ எல்லாவற்றையும் பத்து என்ற ஒரே பெயரில் அடக்கி, எத்தனை பத்து என்பதை மட்டும் அதன் தோளில் ஏற்றிவிட்டது.

இந்த ஊரின் கதையே அளக்கப் போனவர்களின் கதை. அன்னமாய்ப் பறந்தவருக்கு முடி எட்டவில்லை, பன்றியாய்த் தோண்டியவருக்கு அடி எட்டவில்லை. அண்ண முடியாதது என்பதால்தான் அண்ணாமலை என்கிறார்கள். அறுமீனும் நமக்கு எட்டாது. வகுத்தல் நம்மை அங்கே கொண்டுபோய்ச் சேர்ப்பதில்லை. அங்கே இருப்பதையும் இங்கே இருப்பதையும் ஒரே கோட்டின் மேலும் கீழும் வைக்கிறது, அவ்வளவுதான்.

வைத்ததும் ஒன்று நடக்கிறது. மேலே நொடி, கீழே நொடி. இரண்டும் அடிபட்டுப் போகின்றன. தூரத்தைத் தூரத்தால் வகுத்தாலும் மீட்டர் அடிபட்டு, அதே 1.4 × 10¹⁵ வருகிறது. காதத்தில் அளந்தாலும் சாணில் அளந்தாலும் அதுவேதான். மனிதன் ஏற்படுத்திய அலகு எதுவும் அந்த எண்ணில் இல்லை. மனிதர் பிறவாத காலத்திலும், இத்தனை தொலைவில் ஒரு விளக்கும் ஒரு விண்மீன் கூட்டமும் இருந்திருந்தால், அவற்றுக்கு நடுவே இந்த எண் இருந்திருக்கும். ஒரு பொருளைத் தனியே வைத்துப் பெரிது என்றோ சிறிது என்றோ சொல்ல முடியாது. இன்னொன்றின் பக்கத்தில் வைத்த பிறகே அதற்கு அளவு வருகிறது. அன்றிரவு அது எனக்கு உறைத்தது.

ஆனால் அலகு போனாலும் ஒன்று மிச்சமிருக்கிறது. அந்த 3 கிலோமீட்டர் நாங்கள் நின்ற இடத்திலிருந்து எடுத்தது.

"நாம தள்ளிப் போய் நின்னா மாறுமா அத்தை?" என்றாள் அவள்.

"நடந்து பாரேன்."

மாடியின் மேற்கு ஓரம் வரை நடந்தாள். ஆறு மீட்டர் இருக்கும். மலைக்கு உள்ள தூரத்தில் 2 × 10⁻³ பங்கு குறைந்தது. தீபத்தைப் போல அறுமீன் எத்தனை மடங்கு தொலைவு என்ற எண், அந்தச் சில அடிகளில் 2.8 × 10¹² கூடியிருந்தது, 2.8 லட்சம் கோடி. 1.4 என்று எழுதியிருந்ததில் எதையும் மாற்ற வேண்டியிருக்கவில்லை. அவள் கைப்பிடிச் சுவரில் முழங்கையை ஊன்றி, தீபத்தைப் பார்த்தபடி அங்கேயே நின்றாள்.