இடிந்த கோயிலில் அபசாரம் உண்டா?

2015ஆம் ஆண்டின் முதல் இரண்டு மாதங்களில், கம்போடியாவின் அங்கோர் வளாகத்தில் வெளிநாட்டுப் பயணிகள் சிலர் ஆடையைக் களைந்துவிட்டுப் படம் எடுத்துக்கொண்டு மாட்டிக்கொண்டார்கள். நீதிமன்றம் தண்டனை விதித்து அவர்களை நாட்டைவிட்டே அனுப்பியது. அவர்கள் எந்தச் சிலையையும் உடைக்கவில்லை, எதையும் திருடவில்லை, சுவரில் பெயர்கூடக் கிறுக்கவில்லை. அந்தச் சம்பவங்களில் ஒன்று நடந்த பிரியா கான் கோயில், கெமர் அரசன் ஏழாம் ஜெயவர்மன் 1191இல் பிரதிஷ்டை செய்தது. இன்று கூரை சரிந்து, மதில்மேல் மரம் வேர்விட்டுக் கிடக்கிறது. நித்திய பூஜை நின்று எத்தனையோ நூற்றாண்டு. அப்படியானால் அங்கே யாருக்குத் தீங்கு நேர்ந்தது? வெறும் தொல்பொருள் என்றால் அதை உடைப்பதுதான் குற்றம், திருடுவதுதான் குற்றம். கல்லில் விரல் படாமலே ஒருவர் குற்றவாளி ஆகிறார் என்றால், தொல்பொருள் என்ற சொல்லுக்குள் அடங்காத ஏதோ ஒன்று அங்கே இருக்கிறது. பாழடைந்த கோயில் இன்னும் கோயில்தானா என்ற பழைய கேள்விக்கு இதைவிட நல்ல உரைகல் எனக்குத் தெரியவில்லை. சந்நிதியில் நமக்கு மெய்சிலிர்க்கிறதா என்று பார்த்துப் பயனில்லை. சிலிர்ப்பு வெயில் ஏறினால் போய்விடும். அந்த இடத்தில் அபசாரம் செய்ய முடியுமா என்று கேட்க வேண்டும். முடியும் என்றால் அது கோயில். டிக்கெட்டும் கையுமாக, தனியாக ஒரு கைடை அமர்த்திக்கொண்டு ஒரே நாளில் சுற்றிப் பார்த்துவிட்டுப் போகிறவரையும் அது கட்டுப்படுத்தும்.

அங்கோரைப் பாழ் என்று சொல்வதே பாதிதான் உண்மை. இரண்டாம் சூரியவர்மன் 12ஆம் நூற்றாண்டில் விஷ்ணுவுக்கு எழுப்பிய அங்கோர் வாட், தலைநகரம் தெற்கே போன பிறகும் கைவிடப்படவில்லை. பௌத்தத் தலமாகித் தொடர்ந்தது. 1632இல் உகோந்தாயு கசுஃபுசா என்ற ஜப்பானியர் அங்கே வந்து, இறந்த தந்தைக்காகவும் தாயின் மறுமைக்காகவும் நான்கு புத்தர் சிலைகளைச் சமர்ப்பித்ததாகத் தூண் ஒன்றில் மை கொண்டு எழுதிவைத்தார். அக்கால ஜப்பானியர்கள் அங்கோர் வாட்டை இந்தியாவில் புத்தர் தங்கிய ஜேதவனம் என்றே நம்பினார்கள். இன்றைக்கு அவர் வந்திருந்தால் முதல் ஐந்து நிமிடத்திலேயே கைடு அவரைத் திருத்தியிருப்பார். திருத்துவது சரிதான், ஆனால் அந்த யாத்திரை அதனால் பொய்யாகிவிடுமா? 1860இல் பிரெஞ்சுப் பயணி ஆன்ரி மூவோ வந்து எழுதிய பிறகுதான் ஐரோப்பாவில் 'காட்டில் தொலைந்த நகரம்' என்ற கதை பரவியது. அவர் வந்தபோதும் அங்கே பிக்குகள் இருந்தார்கள். 1907இல் அங்கோர் இருக்கும் சியெம் ரீப் பகுதி சயாமிடமிருந்து பிரெஞ்சுக்காரர்கள் கைக்கு வந்தது. அதன்பின் செய்த முதல் வேலைகளில் ஒன்று, அங்கோர் வாட்டின் மேற்கு முகப்பை மறைத்துக்கொண்டிருந்த பிக்குகளின் குடில்களைப் பிரித்து ஓரத்துக்குத் தள்ளியதுதான். காட்சி கெடுகிறதாம். தா ப்ரோம் கோயிலில் இதற்கு நேர்மாறு: கண்டெடுத்த கோலம் தெரியட்டும் என்று மரங்களை வெட்டாமல் வேண்டுமென்றே விட்டுவைத்தார்கள். ஓரிடத்தில் மனிதர்களை அகற்றி, ஓரிடத்தில் மரங்களை நிறுத்தி, நாம் இன்று விடியற்காலையில் குளக்கரையில் நின்று படம் எடுக்கும் 'பாழ்' உருவாக்கப்பட்டது. அது காலம் மட்டுமே செய்த வேலை இல்லை.

ஒரு நாள் சுற்றுலாவின் ஒழுங்கு பெரும்பாலும் ஒன்றுபோலவே இருக்கும். ஐந்து மணிக்கெல்லாம் டுக்-டுக் அல்லது கார், சூரியோதயம், அங்கோர் வாட்டின் புடைப்புச் சிற்பங்கள், பிறகு பாயோன் கோயிலின் முகங்கள், தா ப்ரோம் மரங்கள். இந்த ஓட்டத்தில் கால் வேகமாகக் கடந்துவிடும் ஓரிடம், மேற்குக் கோபுர வாயிலின் தென்புறம். அங்கே எட்டுக் கைகளோடு ஆள் உயரத்தைவிட மிகப் பெரிய விஷ்ணு நிற்கிறார். உள்ளூரார் அவரைத் தா ரீச் என்கிறார்கள். மூல உருவம் விஷ்ணுவா, அவலோகிதேசுவரரா என்று ஆய்வாளர்களிடையே பேச்சு உண்டு. அந்தச் சந்தேகம் அவருக்குப் பூஜையைக் குறைக்கவில்லை. மேலே மஞ்சள் துணி, பக்கத்தில் குடை, முன்னால் மணல் நிரப்பிய பாத்திரத்தில் ஊதுவத்தி, தட்டில் பழம். மணமக்கள் வருகிறார்கள், காரியம் கைகூடியவர்கள் வருகிறார்கள். அவர்களுக்கு அவர் வைணவரும் இல்லை, பௌத்தரும் இல்லை. இந்த மண்ணைக் காக்கிறவர், மூதாதை. கைடுகளில் பெரும்பாலோர் தேரவாத பௌத்தர்கள். அவர்களுக்கும் இவர் அந்நியர் இல்லை. குழுவாக வருகிறவர்களுக்கு இங்கே நிற்க நேரம் கிடையாது, பின்னால் அடுத்த கொடி வந்துவிடும். தனியாகக் கைடு அமர்த்தியவருக்கு அந்த நேரம் உண்டு. அப்படி நின்றால் கவனிக்க வேண்டியது ஒன்றுதான்: படம் எடுக்கத் தடையாக ஒரு பெண்மணி ஊதுவத்தியோடு மண்டியிட்டிருந்தால், அவரை நாம் எப்படிப் பார்க்கிறோம்? அவர் விலகட்டும் என்று காத்திருக்கும்போது, 'இது பாழ்' என்ற தீர்ப்பை நாம் எழுதிக்கொண்டிருக்கிறோம்.

இதற்கு ஆகமம் அறிந்தவர்களிடமிருந்து ஒரு வலுவான மறுப்பு வரும், அதை லேசாகத் தள்ள முடியாது. நம் சைவக் கோயில்களில் திருப்பணி தொடங்குமுன் கலாகர்ஷணம் செய்து, மூர்த்தியின் சாந்நித்தியத்தைக் கும்பத்தில் வாங்கி, பாலாலயத்தில் வைத்துப் பூஜை நடத்துகிறார்கள். அதன்பிறகே உளியோடு ஸ்தபதி உள்ளே போகிறார். பின்னமான மூர்த்தி பூஜைக்கு ஆகாது, பூஜை நின்ற இடத்தில் சாந்நித்தியம் குறையும் என்பதெல்லாம் நம் மரபே சொல்வது. ஆக, புனிதம் என்பது வரவழைக்கக் கூடியது, வெளியேற்றக் கூடியது. அங்கோரில் அது எப்போதோ போய்விட்டது. மிச்சம் இருப்பது கல். நேரான வாதம்தான். ஆனால் இந்த விதிகள் யாரை நோக்கிப் பேசுகின்றன? பூஜை செய்கிறவரை நோக்கி. எந்த மூர்த்திக்கு எப்போது அபிஷேகம் செய்யலாம், செய்யக் கூடாது என்று அவருக்குச் சொல்கின்றன. வழிப்போக்கன் அங்கே எப்படி நடந்துகொண்டாலும் கேட்பாரில்லை என்று அவை யாருக்கும் உரிமைச் சீட்டு கொடுக்கவில்லை. இந்தக் கேள்வி ஒருமுறை நீதிமன்றத்துக்கே போனது, அதுவும் லண்டனில். 1976இல் அன்றைய தஞ்சை மாவட்டத்துப் பத்தூரில், இடிந்த சிவன் கோயிலை ஒட்டிய நிலத்தைத் தோண்டியபோது கிடைத்த நடராசர், கள்ளச் சந்தை வழியே ஒரு கனடிய நிறுவனத்திடம் போய்ச் சேர்ந்தார். லண்டன் போலீஸ் சிலையைக் கைப்பற்ற, வழக்கு எழுந்தது. உரிமை கோரியவர்களில் அந்தக் கோயிலும் இருந்தது, அங்கிருந்த சிவலிங்கமும் இருந்தது. பூஜையற்றுக் கிடந்த கோயில் எப்படி வழக்காடும் என்ற கேள்விக்கு 1988இல் விசாரணை நீதிபதி தந்த விடை வியப்பானது: அதைக் கட்டிவைத்தவரின் அறநோக்கம் முடிந்துபோகவில்லை, அது லிங்கத்தின் உருவில் நிலைத்திருக்கிறது. 1991இல் மேல்முறையீட்டு நீதிமன்றமும் கோயிலை ஒரு தரப்பாக ஏற்றது. நடராசர் தமிழ்நாடு திரும்பினார். கடவுள் அங்கே இருந்தாரா என்று இங்கிலாந்து நீதிபதிகள் விசாரிக்கவில்லை, விசாரிக்கவும் முடியாது. இடிந்த கோயிலுக்கும் இழப்பு நேரலாம், அதற்காக ஒருவர் பேச எழுந்து நிற்கலாம் என்பதை மட்டும் ஒப்புக்கொண்டார்கள். எனக்கு அது போதும்.

நம்பிக்கையில்லாதவர் கேட்பார்: உங்கள் கூட்டத்தின் பக்திக்கு நான் ஏன் அடங்கி நடக்க வேண்டும்? நான் கட்டிடக்கலை பார்க்க வந்தவன். அவருக்குப் பார்க்கும் உரிமை உண்டு. சந்தேகப்படும் உரிமை உண்டு. கும்பிடாமல் போகும் உரிமையும் உண்டு. அங்கோர் வாட்டின் உச்சித் தளமான பாகானுக்கு ஏற வேண்டுமானால் தோளும் முழங்காலும் மூடியிருக்க வேண்டும். பௌத்தப் புனித நாள்களில் அந்தத் தளம் பயணிகளுக்குத் திறப்பதில்லை. இந்த விதிகள் யாரையும் எதையும் நம்பச் சொல்லவில்லை. பிறர் வீட்டுத் துக்கத்தில் நுழைகிறவன் இறந்தவரை நேசித்திருக்க வேண்டியதில்லை, ஆனால் சத்தம் போட்டுச் சிரிக்கக் கூடாது, அவ்வளவுதான் இது. ஊதுவத்திப் புகையும் தொடும் கையும் கல்லைக் கெடுக்கின்றன, ஆகவே பக்தர்தான் ஆபத்து என்பார் சிற்பப் பாதுகாப்பாளர். புடைப்புச் சிற்பங்களின் போர்வீரர்களும் அப்சரஸ்களும் கருப்பாய்ப் பளபளப்பதற்குக் கைகள்தான் காரணம் என்று பலர் சொல்கிறார்கள், அதில் பக்தரின் கையும் உண்டு, பயணியின் கையும் உண்டு. கயிறு கட்டட்டும், இரண்டு பேரும் தள்ளி நிற்கட்டும். அதற்கும் புனிதத்துக்கும் பகையில்லை.

காசு கொடுத்து வாங்கிய தரிசனம் தரிசனமா என்பது இன்னொரு கேள்வி. ஒரு நாள் டிக்கெட் 2017 முதல் 37 டாலர், கைடுக்குத் தனி, வண்டிக்குத் தனி. காசியிலும் கயையிலும் ராமேசுவரத்திலும் வழிகாட்டியவர்கள் எந்தக் காலத்திலும் இலவசமாக வந்ததில்லை. சொந்த ஊரில் சிறப்பு தரிசனச் சீட்டு வாங்கி வரிசையைத் தாண்டுகிறவர்கள் சியெம் ரீப்பில் போய் ஆன்மிகம் வியாபாரமாகிவிட்டது என்று வருத்தப்படுவது கொஞ்சம் அதிகம். அங்கே கவனிக்கத் தக்கது வேறு: கம்போடியருக்கு டிக்கெட் கிடையாது. ஒரே வாசலில் ஒருவர் பார்வையாளராகவும் இன்னொருவர் வீட்டுக்காரராகவும் நுழைகிறார். வீட்டுக்காரர் எதிரில் நிற்கிறார் என்று நினைவூட்டுவதே கைடுக்கு நாம் கொடுக்கும் கூலியின் சரியான பயன். மன்னர் வரிசையும் ஆண்டுக் கணக்கும் எந்தப் புத்தகத்திலும் கிடைக்கும்.

தமிழ்ப் பயணிக்கு இதில் தனியாக ஒரு சோதனை உண்டு. அங்கோர் வாட்டுக்கு வடகிழக்கே உள்ள பன்தியாய் ஸ்ரே, 967இல் யக்ஞவராகன் என்ற அந்தணர் சிவனுக்குப் பிரதிஷ்டை செய்தது. அதன் கிழக்கு வாயில் முகப்பொன்றில், சிவந்த மணற்கல்லில், பத்துக் கைகளோடு சிவன் ஆடுகிறார். காலடியில் ஓரமாக, முலை வற்றி, எலும்பு துருத்தி, ஒரு பெண் அமர்ந்திருக்கிறாள். காரைக்கால் அம்மையார் என்றே ஆய்வாளர் பலர் அடையாளம் காண்கிறார்கள். காரைக்காலிலிருந்து கடல் தாண்டி ஒரு பேயுருவம் கெமர் சிற்பியின் உளிக்கு எட்டியிருக்கிறது என்பது உண்மையிலேயே பெருமைப்பட வேண்டியது. ஆனால் அந்தப் பெருமை அங்கே நிற்பதில்லை. அங்கோர் வாட்டைக் கட்டியவனே தமிழன் என்று சமூக ஊடகங்களில் சுற்றும் கதைவரை போகிறது. சூரியவர்மன் கெமர் அரசன். இதில் விவாதிக்க எதுவும் இல்லை. அந்தக் கதையின் பொய்யைவிட எனக்கு உறுத்துவது அதன் விளைவு. 'இது நம்முடையது, நடுவில் பௌத்தர்கள் வந்துவிட்டார்கள்' என்று பார்க்கிறவர், தா ரீச்சின் முன்னால் மண்டியிட்ட அந்தப் பெண்மணியைப் பிரெஞ்சு அதிகாரி பார்த்ததுபோலவே பார்க்கிறார்: காட்சியைக் கெடுக்கிறவராக. 13ஆம் நூற்றாண்டில் பிரியா கானின் மாடங்களிலிருந்து புத்தர் உருவங்களைச் செதுக்கி எறிந்தவர்களாவது அந்த உருவங்களுக்குப் பயந்திருப்பார்கள். அவர்கள் செய்தது அபசாரம் என்று அவர்களுக்கே தெரிந்திருக்கும்.

கடைசியாக, என் வாதத்துக்கே உள்ள ஒரு சங்கடம். புனிதம் என்பது இன்றும் வழிபடுகிறவர்கள் கையில் இருக்கிறது என்றால், வழிபட ஒருவரும் இல்லாத இடம் என்ன ஆவது? வியட்நாமில் உள்ள மி சன் பள்ளத்தாக்கு சம்பா அரசர்களின் சிவத்தலம். பத்ரேசுவரர் என்ற பெயரில் சிவன் அங்கே நூற்றாண்டுகள் பூஜை கொண்டார். 1969 ஆகஸ்டில் அமெரிக்கக் குண்டுவீச்சில் அதன் மிகச் சிறந்த கோபுரமே சரிந்தது. இன்று அங்கே சுற்றுலாப் பயணிகளுக்கு சாம் நடனம் ஆடிக் காட்டுகிறார்கள். சந்நிதியில் பூஜை இல்லை. என் உரைகல்படி அங்கே அபசாரம் சாத்தியமில்லை என்று சொல்ல வேண்டிவரும். பாதி அளவுக்கு அதை ஏற்றுக்கொள்கிறேன். கருவறைக் கற்களுக்குள் மட்டும் புனிதம் உறைந்திருக்கிறது என்று சாதிப்பதைவிட, சில கோயில்கள் உண்மையிலேயே முடிந்துபோகின்றன என்று ஒப்புக்கொள்வது நேர்மை. மீதிப் பாதியை ஏற்காததற்குக் காரணம் தெற்கே இருக்கிறது. நின் துவான் பகுதியில், போ க்லோங் கராய் கோபுரத்தில், அந்த அரசர்களின் வழிவந்த சாம் மக்கள் ஆண்டுதோறும் கதே திருவிழாவில் கதவைத் திறந்து, லிங்கத்தை நீராட்டி, ஆடை சாத்துகிறார்கள். மி சன்னில் பூஜை நின்றது அவர்கள் விட்டுவிட்டதால் அல்ல; அரசும் நிலமும் கைமாறி அவர்கள் தெற்கே தள்ளப்பட்டதால். அந்தப் பள்ளத்தாக்கில் எது தகும், எது தகாது என்று சொல்ல ஆளே இல்லை என்ற முடிவுக்கு வருமுன், நின் துவானுக்குப் போய் அவர்களைக் கேட்டுவிட்டு வர வேண்டும். அதுவரை பயணி அங்கும் தோளை மூடிக்கொண்டே நடக்கலாம்.